புல்கேயின் பூர்வ சரித்திரம்

மெக்சிகோ நகரத்துப் பழைய மதுச்சாலைகளில் வழிகாட்டியின் துணையோடு யாத்திரிகர்கள் இன்று ருசி பார்க்கும் புல்கே என்னும் வெண்ணிறப் பானம், ஸ்பானியர் வருகைக்குப் பன்னூறாண்டுகள் முன்பே, தெய்வ சம்பந்தமுடையதாகப் போற்றப்பட்டது. ஆஸ்டெக் ராஜ்யத்தில் முதியோர்க்கு அதனை அருந்தச் சலுகை இருந்தது; இளையோர் குடித்து வெறித்தால் மரண தண்டனையும் உண்டு.

பத்தாண்டளவு வளர்ந்த ஆனைக்கற்றாழை பூந்தண்டு விடும் தறுவாயில், அதன் குருத்தை அகற்றிக் குழித்து, அக்குழியில் நாள்தோறும் ஊறும் இனிய சாற்றை நீண்ட சுரைக்குடுக்கையினால் உறிஞ்சியெடுத்துப் புளிக்க வைக்கும் தொழிலாளியின் பொறுமையை நான் பெரிதும் மதிக்கிறேன். விரைவில் கெட்டுவிடும் இப்பானத்தை, 1873-இல் வேராகுரூஸ் வரை திறக்கப்பட்ட இருப்புப்பாதை அபான் சமவெளியிலிருந்து தலைநகருக்குத் துரிதமாகக் கொணர, பண்ணைக்காரர் பெருஞ்செல்வம் திரட்டினர்; பிற்பாடு, இருபதாம் நூற்றாண்டில், பியர் ஆலைகள் பெருகவே அவ்வியாபாரம் க்ஷீணித்தது.