கலைப் போட்டித் தீர்ப்பு வழக்கு

கலை, இலக்கியப் போட்டிகளில் நடுவர் அளித்த முடிவை எதிர்த்து நீதிமன்றத்தில் தொடுக்கப்படும் வழக்கு. அரசு நடத்தும் போட்டிகளில் இது நிர்வாகச் சட்டத்தின்கீழ் வரும்.

தெற்காசியாவில் இதற்குப் பேர்போன களம் கேரளப் பள்ளிக் கலோத்சவம் எனும் கலைவிழா (தொடக்கம் 1957, எறணாகுளம்). மாவட்டத்தில் முதலிடம் பெற்றவரே மாநில மேடை ஏறலாம். தோற்றவர் முதலில் கல்வித்துறை அப்பீல் குழுவை நாடுவர். அங்கும் கைவிரிக்கப்பட்டால் லோகாயுக்தா (முறைகேட்டு விசாரணை அமைப்பு) அல்லது உயர்நீதிமன்றப் படியேறுவர். ஆணையோடு வருவோரையும் சேர்க்க, ஒப்பனை கலையாத பிள்ளைகள் நள்ளிரவு தாண்டியும் முறைக்குக் காத்திருப்பதுண்டு. அப்பீலில் வந்தவர் மாவட்ட வெற்றியாளரை மிஞ்சினால் அப்பீலுக்காகக் கட்டிய பணம் திரும்பும். இப்போட்டிக்காகப் பரீட்சையில் கிடைக்கும் சலுகைப் புள்ளியே இவ்வளவு வேகத்துக்கும் பெருங்காரணம் எனலாம். 2022 டிசெம்பரில் இத்தகைய மனுக்களைத் தள்ளுபடி செய்த கேரள உயர்நீதிமன்றம், தோல்வியை ஏற்கப் பிள்ளைகளைப் பழக்குமாறு பெற்றோரிடம் கூறியது.

இலங்கையில் தமிழ் மொழித் தினப் போட்டிகள் பாடசாலை, வலயம், மாகாணம் எனப் படிப்படியாக நடைபெறும். மாணவர் இவ்வழியே தேசிய மட்டத்தை எட்டுவர். இப்போட்டிகளின் முடிவை எதிர்ப்பவர் எழுத்தாணை கோரலாம்: பொது அதிகாரியின் முடிவை இரத்துச் செய்யும் உறுதிகேள் எழுத்தாணையை அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரைப்படி மேன்முறையீட்டு நீதிமன்றம் வழங்கலாம். எனினும் நீதிமன்றம் பார்ப்பது விதிமீறல், பக்கச்சார்பு போன்றவற்றையே. கவிதைக்கு எத்தனை புள்ளி என்பதை அல்ல.