கார்னர்ல நிக்கிற அண்ணன்: தர்மராஜ் சேரலாதன்

இந்த வாரம் கபடி. ஆனா ரெய்டு போறவங்களைப் பத்தி இல்ல. பிடிக்கிறவங்களைப் பத்தி, அதுலயும் பிடிக்கக் கத்துக்கொடுக்கிறவங்களைப் பத்தி.

எனக்கு ஊர் திட்டக்குடி. வெள்ளாத்தங்கரை. ஒன்பதாவது படிக்கும்போது பள்ளிக்கூட அணியில வலது கார்னர் நான். பொங்கலுக்கு ராத்திரி மேட்ச் நடக்கும், ட்யூப்லைட் கட்டி, மைக் செட் போட்டு. ஒருத்தன் ரெய்டு போய் ரெண்டு பேரைத் தொட்டுட்டு வந்தா மைக்ல அவன் பேரை மூணு தடவை சொல்வாங்க. அவனை ஒருத்தன் மடக்கிப் பிடிச்சா "திட்டக்குடி அணிக்கு ஒரு பாயிண்ட்", அவ்வளவுதான். பிடிச்சவன் பேர் வராது. 2025ல 'பைசன்' வந்துச்சு. மணத்தி கணேசன் வாழ்க்கையிலிருந்து பிறந்த கதை. 1994 ஹிரோஷிமா ஆசிய விளையாட்டுல தங்கம் வாங்கின அணியில இருந்தவர் அவர். படம் பார்த்துட்டு வந்த என் நண்பர்கள் பேசினது எல்லாமே ரெய்டைப் பத்தித்தான். நான் வேலையில ஆன்கால் பார்க்கிறவன். சர்வர் விழாம பார்த்துக்கிட்டவனுக்கு யாரும் கைதட்ட மாட்டாங்கன்னு தெரியும். கபடியிலயும் அதே கதைதான்.

இதே வேலைக்கு வேற ஒரு நாட்டுல என்ன மரியாதைன்னு பாருங்க. அமெரிக்காவுல காலேஜ் ஃபுட்பால்னு ஒண்ணு இருக்கு. நம்ம கால்பந்து இல்ல, ஹெல்மெட் போட்டுக்கிட்டு முட்டி மோதற ஆட்டம். அங்க தடுப்பாட்டத்துக்குன்னே தனி கோச் உண்டு. பட் ஃபாஸ்டர்னு ஒருத்தர், 1987ல வர்ஜீனியா டெக் பல்கலைக்கழகத்துக்கு வந்தார். 1995லிருந்து தடுப்பாட்டப் பொறுப்பு. 2019 சீசன் முடிஞ்சு ஓய்வு. ஒரே கல்லூரியில 33 சீசன். தலைமைக் கோச் ஆகாமலே பேர் வாங்கிட்டார். 2006ல நாட்டின் சிறந்த உதவிக் கோச்னு விருது. அவரோட அடையாளம் ஒரு பழைய தகர டிபன் பெட்டி. ஆலைத் தொழிலாளி வேலைக்கு எடுத்துட்டுப் போற மாதிரி, அவர் ஆட்கள் அதை மேட்சுக்கு மேட்ச் தூக்கிட்டுப் போவாங்க.

நம்ம ஊர்ல அப்படி ஒருத்தர் யாருன்னு யோசிச்சப்போ எனக்கு வந்த பேர் சேரலாதன். அவர் கதைக்கு முன்னாடி, கார்னர்ங்கிறது என்ன வேலைன்னு சொல்லிடறேன். இது புரியாம அவர் அருமை புரியாது.

ஆண்கள் ஆட்டத்துல ஒரு பக்கத்துக் களம் 6.5 மீட்டர் நீளம். ஏழு பேர் நிக்கிறாங்க. ரெண்டு ஓரத்துல நிக்கிறவங்க கார்னர். நடுக்கோட்டுல இருந்து 4.75 மீட்டர்ல போனஸ் கோடு. ஆறு பேரோ ஏழு பேரோ களத்துல இருக்கும்போது ரெய்டர் ஒரு காலை அந்தக் கோட்டுக்கு அப்பால வச்சு, இன்னொரு காலைத் தரையில படாம தூக்கிட்டா ஒரு பாயிண்ட். அந்தக் கால் நீளுற இடம் பெரும்பாலும் கார்னர் பக்கம்தான். அந்த நொடியில கணுக்காலைப் பிடிக்கணும். கொஞ்சம் முந்திப் பாய்ஞ்சா, ரெய்டர் காலை இழுத்துக்குவார், உங்களைத் தொட்ட பாயிண்ட்டோட வீட்டுக்குப் போவார். கமெண்டரியில 'அட்வான்ஸ் டேக்கிள்'னு திட்டுவாங்களே, அது இதுதான். கொஞ்சம் பிந்தினா பிடிக்க கால் அங்க இருக்காது.

இன்னொரு சிக்கல். கார்னர் பிடிச்சதும் பக்கத்துல இருக்கிற கவர் வந்து மோதணும். அவர் தாமதமா வந்து, ரெய்டர் கோட்டைத் தொட்டுட்டா, ரெண்டு பேருமே அவுட். அதனால பிடிக்கிறது தனி ஆள் வீரம் இல்ல. யார் முதல்ல போறது, யார் பின்னாடி வர்றதுங்கிறது முன்னாடியே பேசி, ஆயிரம் தடவை செஞ்சு பார்த்த ஒப்பந்தம். ஒரு ரெய்டுக்கு 30 செகண்ட். அதுல 28 செகண்ட் கார்னர் ஒண்ணுமே செய்யாம நிக்கணும். வேகம் குறைஞ்சவங்களாலயும் இதைச் செய்ய முடியும். பொறுமை குறைஞ்சவங்களால முடியாது.

இப்போ சேரலாதன். 1975ல பிறந்தவர், தஞ்சாவூர் மாவட்டம் திருச்சனம்பூண்டி. வலது கார்னர். அவர் பதினஞ்சு வயசா இருக்கும்போது, 1990 பெய்ஜிங்ல, கபடி முதல் தடவையா ஆசிய விளையாட்டுல பதக்கப் போட்டி ஆச்சு. ஆனா டிவியில யாரும் பார்க்கல. அந்தத் தலைமுறைக்குக் கபடின்னா ஊர்த் திருவிழா, மாநிலப் போட்டி, அதை வச்சு ரயில்வேயிலயோ போலீஸ்லயோ மின்வாரியத்துலயோ ஒரு வேலை. வேலை கிடைச்சதும் பலருக்கு ஆட்டம் முடிஞ்சிடும்.

புரோ கபடி லீக் ஆரம்பிச்சது 2014 ஜூலை 26. அன்னைக்கு நான் பிளஸ் டூ மாணவன். சேரலாதனுக்கு 39 வயசு. யோசிச்சுப் பாருங்க, ஒரு விளையாட்டு வீரரோட நல்ல வருஷங்கள் எல்லாம் கேமரா இல்லாம முடிஞ்சு போச்சு. நாம யூடியூப்ல பார்க்கிற சேரலாதன் முழுக்க நாற்பதை ஒட்டின சேரலாதன்தான். இருபத்தஞ்சு வயசுல அவர் எப்படிப் பிடிச்சார்னு பார்க்க நமக்கு வழியே இல்ல.

ஆனா அந்த நாற்பது வயசுக்காரர் செஞ்சதைப் பாருங்க. 2016ல பாட்னா பைரேட்ஸ் கேப்டன். ஜூலை 31, ஹைதராபாத், இறுதிப் போட்டியில ஜெய்ப்பூரை 37–29னு ஜெயிச்சாங்க. அந்த அணியில எல்லாருக்கும் ஞாபகம் இருக்கிற பேர் பர்தீப் நர்வால், ரெய்டர். எனக்கு முக்கியமா படுறது ரெண்டு கார்னரும். வலது பக்கம் தஞ்சாவூர்க்காரர், இடது பக்கம் ஈரான்ல இருந்து வந்த ஃபசல் அத்ராசலி.

மூணு மாசம்கூட ஆகல. அக்டோபர் 22, அகமதாபாத், உலகக் கோப்பை இறுதிப் போட்டி. இந்தியாவும் ஈரானும். பாட்னாவுக்கு ரெண்டு ஓரத்தைக் காத்தவங்க இப்போ எதிரெதிர் அணியில. இடைவேளையில ஈரான் முன்னிலை. ரெண்டாவது பாதியில அஜய் தாக்கூரோட ரெய்டுகளால இந்தியா மேல வந்து 38–29னு ஜெயிச்சது. சேரலாதன் கையில உலகக் கோப்பை, 41 வயசுல.

2018ல அந்த ஜோடி திரும்ப யு மும்பாவுல சேர்ந்தது. அதே வருஷ ஏலத்துல ஃபசலுக்கு ஒரு கோடி ரூபாய். லீக்ல ஒரு கோடியைத் தொட்ட முதல் ஆள் பிடிக்கிறவர், அதுவும் வெளிநாட்டுக்காரர். என் பொங்கல் மைக் செட்காரருக்கு இதைச் சொல்லணும்னு அப்பவே தோணுச்சு. ஆகஸ்ட்ல ஜகார்த்தா ஆசிய விளையாட்டு. 1990லிருந்து ஆண்கள் தங்கத்தை விட்டே கொடுக்காத இந்தியா, அரையிறுதியில ஈரானிடம் 18–27னு தோத்தது. வெறும் 18 பாயிண்ட். ஈரானோட பிடியில நம்ம ரெய்டர்கள் திணறினாங்க.

மல்யுத்தம் ஊறின நாடு ஈரான், பிடிபலம் அவங்களுக்கு ஏற்கனவே உண்டு. நம்ம லீக்ல வருஷா வருஷம் ஆடி நம்ம ரெய்டர்களைப் படிச்சுக்கிட்டாங்கங்கிறது என் கணிப்பு. சிலர் இதை 'கத்துக்கொடுத்து ஏமாந்தோம்'னு சொல்வாங்க. நான் ஒத்துக்க மாட்டேன். பக்கத்துல நிக்கிறவனுக்குச் சொல்லாம கார்னர் ஆடவே முடியாது. அந்த வேலையோட அமைப்பே அப்படி.

அதனாலதானோ என்னவோ, சேரலாதனை எல்லாரும் கூப்பிடற பேர் 'அண்ணா'. ஹரியானா பையனும் சரி, ஹிந்தி கமெண்டேட்டரும் சரி, அந்தத் தமிழ்ச் சொல்லையே சொல்வாங்க. புனே, மும்பை, ஹரியானா ஸ்டீலர்ஸ், கடைசியா 46 வயசுல ஜெய்ப்பூர். கோச்னு பட்டம் இல்லாமலே, சின்னப் பசங்களை நிறுத்தி வச்சுப் பிடிக்க விட்டது அவர்தான். அதையே நான் ஒரு கோச்சோட வாழ்க்கையா எண்ணுறேன். சம்பளச் சீட்டுல மட்டும் 'வீரர்'னு இருந்திருக்கும்.

பட்டம் வந்தது 2024ல. தமிழ் தலைவாஸ் அவரை வியூகக் கோச் ஆக்கினாங்க, தலைமைக் கோச் உதயகுமாரோட. அந்த சீசன்ல அணி ப்ளே ஆஃப் போகல. அடுத்த சீசனுக்கு வேற கோச் வந்தாச்சு. ஃபாஸ்டருக்கு ஒரே இடத்துல 33 சீசன் கிடைச்சது. இங்க ஒரே சீசன்ல தீர்ப்பு. பிடிக்கிற ஒப்பந்தம் ஏழு பேருக்குள்ள ஊற வருஷங்கள் ஆகும். அந்தப் பொறுமையைக் கார்னர்கிட்ட எதிர்பார்க்கிற நாம, கோச்சுக்குக் கொடுக்கிறதில்ல.

திரும்ப திட்டக்குடிக்கு வர்றேன். எனக்குக் கார்னர் சொல்லிக்கொடுத்தவர் ஒரு அண்ணன். மத்தியானம் வரைக்கும் வேலை, சாயங்காலம் கிரவுண்டு. சம்பளம் கிடையாது. "கையைப் பார்க்காதடா, கை பொய் சொல்லும். இடுப்பைப் பாரு"ம்பார். மண் தரையில என் முட்டி தேய்ஞ்சா அவரே தண்ணி ஊத்திக் கழுவி விடுவார். பிளஸ் டூ வந்ததும் நான் இன்ஜினியரிங் கனவுல கபடியை விட்டுட்டேன், சொல்லிக்காமலே.

இந்த எபிசோடுக்காக ஊருக்குப் போய் அவரைப் பார்த்தேன். சேரலாதன் ஆட்டம் ஒண்ணை போன்ல போட்டுக் காட்டினேன். ரெய்டரையே பார்க்கல அவர். கார்னர் நிக்கிற இடத்துல விரலை வச்சார். "நகரவே இல்ல பாரு"ன்னார். அப்புறம் என்னைப் பார்த்து, "நீ ஒரு அடி முன்னாடியே போயிடுவ"ன்னு சிரிச்சார். பதினாலு வருஷம் ஆச்சு. என் தப்பு அவருக்கு ஞாபகம் இருக்கு.

சேரலாதனோட இளமையை யாரும் பதிவு பண்ணல. இந்த அண்ணனை நான் ஒண்ணரை மணி நேரம் ரெக்கார்ட் பண்ணியிருக்கேன். உங்க ஊர்லயும் இப்படி ஒருத்தர் இருப்பார். இந்த வார இறுதியில போனைத் தூக்கிட்டுப் போய் உட்காருங்க. அடுத்த வாரம் பார்ப்போம்.