வென்ற கைக்கு விலங்கு!

பெயரைக் கேட்டாலே பகைவர் நடுங்குவர் என்னும் புகழ் பெற்றிருந்தது, ஜப்பானின் தகேதா குலம். அதன் தலைவன் கத்சுயோரி, 1575ஆம் ஆண்டு ஏறத்தாழ 15,000 வீரருடன் மிகாவா நாட்டின் நாகாசினோக் கோட்டையை வளைத்தான்.

கோட்டையில் உணவு குறைந்தது. உதவி தேடி இரவில் வெளியேறினான் தோரி சுனேமோன் என்னும் எளிய வீரன். திரும்புகையில் பிடிபட்டான். உதவி வாராதென்று கூவினால் உயிர்ப்பிச்சை என்றனர் பகைவர். உதவி வருகிறது என்றே முழங்கினான் அவன்! மரத்தில் அறைந்து கொன்றனர்.

அவன் சொன்னபடியே வந்தனர் ஓடா நொபுனாகாவும் தொகுகாவா இயேயாசுவும். சிதாராகாஹாரா வெளியில் மரவேலி நட்டு, அதன் பின்னே துப்பாக்கி ஏந்திய காலாட்களை நிறுத்தினர். யார் அவர்கள்? குலப்பெருமை பேசும் சாமுராய்களா? அல்லர்! 'ஆசிகாரு' எனப்பட்ட காலாட்கள்; பெரும்பாலும் உழவர் வீட்டுப் பிள்ளைகள். 1543இல் போர்ச்சுகீசியர் தானேகாசிமாத் தீவில் அறிமுகம் செய்த கருவி, 32 ஆண்டுகளில் ஏர்பிடித்தவன் கையில் முழங்கிற்று. யாமகாதா மசாகாகே, பாபா நொபுஹாரு போன்ற பெருந்தளபதிகள் மாண்டனர். பரம்பரை தோற்றது, பயிற்சி வென்றது!

வென்ற பாசறையில் ஒருவன் ஹிதேயோசி. எளிய குடியில் பிறந்தவன். நொபுனாகா 1582இல் மடிந்தபின் நாட்டையே ஆளும் நிலைக்கு உயர்ந்தான். ஏறிவந்த ஏணியை என் செய்தான்? எட்டி உதைத்தான்!

1588இல் ஆணையிட்டான்: உழவரிடமுள்ள வாள், வேல், துப்பாக்கி அனைத்தையும் பறிமுதல் செய்க! ஆயுதம் இருந்தால் வரி தரமாட்டான், கிளர்ச்சி செய்வான் என்பதே அச்சம். ஆனால் உழவனுக்குச் சொன்னதென்ன? உருக்கிய இரும்பு கியோத்தோவின் பெரும் புத்தர் திருப்பணிக்கு ஆணியாகுமாம். கொடுத்தவனுக்கு இம்மையிலும் மறுமையிலும் நன்மையாம்! 1591இல் மற்றோர் ஆணை: போர்வீரன் உழவனாகலாகாது, உழவன் நிலத்தை விட்டு வணிகத்துக்குப் போகலாகாது.

1596இல் நிலம் நடுங்கியது. அப்பெரும் சிலை சிதைந்தது. பறிபோன உரிமையோ மீளவில்லை. சாமுராய் இடுப்பில் வாள் தொங்குவதை அரசு தடை செய்ய 1876 வரை காத்திருக்க நேர்ந்தது.

தோழர்களே! வேலிக்குப் பின்னே நின்று வென்ற உழவனைப் போரில் யாரும் வீழ்த்தவில்லை. புண்ணியம் என்ற ஒரு சொல்லால் வீழ்த்தினர். களத்தில் விழித்திருந்தவன் கருத்தில் உறங்கினான், அவ்வளவே!