வாள் பிடித்தவரும் கடிதம் எழுதியவரும்

இன்று 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' தொடரின் ஒரே ஒரு அத்தியாயத்தைப் பற்றிப் பேசலாம் என்றிருக்கிறேன். மூன்றாம் சீசனின் ஒன்பதாவது அத்தியாயம், 2013 ஜூன் 2 அன்று ஒளிபரப்பானது. 'ரெட் வெட்டிங்' என்றால் பார்த்தவர்களுக்கு உடனே நினைவு வரும்.

வால்டர் ஃப்ரேயின் மகளை மணப்பதாகச் சொன்ன வாக்கை மீறியவன் ராப் ஸ்டார்க். அதற்கு ஈடாகத் தன் தாய்மாமனை அந்த வீட்டு மாப்பிள்ளையாக்கி, கல்யாண விருந்துக்கு வருகிறான். வாசலிலேயே ரொட்டியும் உப்பும் தருகிறார்கள். அதை உண்டவருக்கு அந்தக் கூரையின் கீழ் தீங்கு வராது என்பது அந்த உலகின் பழமையான அறம். பிறகு கதவுகள் அடைக்கப்படுகின்றன. ராப், அவனுடைய கர்ப்பிணி மனைவி, தாய் எல்லோரும் கொல்லப்படுகிறார்கள்.

இதற்கு ஸ்காட்லாந்து வரலாற்றின் இரண்டு சம்பவங்களே தூண்டுதல் என்று நாவலாசிரியர் ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின் சொல்லியிருக்கிறார். முதலாவது 1440இல் எடின்பரோ கோட்டையில் நடந்தது. 10 வயது இரண்டாம் ஜேம்ஸ் பெயருக்கு அரசன். பலம் மிக்க டக்ளஸ் குடும்பத்தின் இளம் தலைவனையும் அவன் தம்பியையும் அரசனோடு உணவருந்த அழைத்து, பெயருக்கு ஒரு விசாரணை நடத்தித் தலையை வெட்டினார்கள். மேசையில் கறுப்புக் காளையின் தலையை வைத்தார்கள் என்பது பின்னால் சேர்ந்த கதை. பட்டம் யாருக்குப் போனது என்பதுதான் கவனிக்க வேண்டியது. அது இறந்த பையன்களின் தாத்தாவுடைய தம்பிக்குப் போனது.

இரண்டாவது கிளென்கோ. மூன்றாம் வில்லியம் அரசருக்கு மலைநாட்டுக் குலத்தலைவர்கள் 1692 ஜனவரி 1க்குள் விசுவாசப் பிரமாணம் செய்ய வேண்டும் என்று உத்தரவு. கிளென்கோ மெக்டொனால்டுகளின் தலைவர் மெக்கியன் கடைசி நாளில் ஃபோர்ட் வில்லியம் போனார். அங்கே ஏற்க அதிகாரம் இல்லை என்று இன்வரேரிக்கு அனுப்பிவிட்டார்கள். பிரமாணம் செய்தபோது ஜனவரி 6 ஆகிவிட்டது. அந்தத் தாமதம் ஸ்காட்லாந்து விவகாரங்களுக்கான அமைச்சர் ஜான் டால்ரிம்பிளுக்குப் போதுமானதாக இருந்தது.

பிப்ரவரித் தொடக்கத்தில் ராபர்ட் கேம்பெல் என்ற கேப்டனின் தலைமையில் சுமார் 120 சிப்பாய்கள் வந்தார்கள். மெக்டொனால்டுகள் அவர்களைத் தங்கள் வீடுகளில் தங்க வைத்துச் சோறு போட்டார்கள். மெக்கியனின் இளைய மருமகள் அந்தக் கேப்டனுக்கு உறவுப் பெண். ஏறக்குறைய இரண்டு வாரம் இப்படிப் போயிற்று. பிப்ரவரி 12 தேதியிட்ட உத்தரவு வந்தது: எழுபது வயதுக்குட்பட்ட அனைவரையும் கொல்ல வேண்டும், நேரம் காலை ஐந்து மணி. மறுநாள் விடியுமுன் மெக்கியன் படுக்கையிலிருந்து எழும்போதே சுடப்பட்டார். சுமார் 38 பேர் கொல்லப்பட்டார்கள். பனியில் தப்பி ஓடியவர்களில் பலர் குளிரில் இறந்தார்கள். அதிகாரிகள் இருவர் மறுத்துத் தங்கள் வாளை உடைத்தார்கள் என்றும் ஒரு செய்தி வழங்குகிறது. அதாவது, மறுக்க முடிந்தது.

உண்ட வீட்டுக்கு இரண்டகம் செய்யாதே என்பது நம் வழக்கு. அன்றைய ஸ்காட்லாந்துச் சட்டத்திலும் நம்பிக்கையின் பேரில் செய்த கொலை சாதாரணக் கொலையைவிடக் கொடியதாக இருந்தது. 1695இல் விசாரணை நடந்தது. இது கொலைதான் என்று நாடாளுமன்றமே சொன்னது. ஆனால் யாரும் தண்டிக்கப்படவில்லை. உத்தரவில் கையெழுத்திட்ட அரசர் மேல் பழி விழவில்லை. டால்ரிம்பிள் பதவி இழந்தார். 1703இல் பிரபுப் பட்டம் பெற்றார்.

இப்போது தொடருக்குத் திரும்புவோம். ஃப்ரேயின் கூடத்தில் டைவின் லானிஸ்டர் இல்லை. எங்கோ தூரத்தில் உட்கார்ந்து கடிதம் எழுதுகிறார். போர்க்களத்தில் ஆயிரக்கணக்கானோரைக் கொல்வதைவிட விருந்தில் சிலரைக் கொல்வது எந்த விதத்தில் மோசம் என்று அடுத்த அத்தியாயத்தில் மகனிடமே கேட்கிறார். அதிகாரம் மனிதரைக் கெடுக்கும் வழி இதுதான் என்று நினைக்கிறேன். முதலில் அது ஒரு கணக்காக வருகிறது. பிறகு அந்தக் கணக்கை முடிக்க இன்னொருவரின் கை தேடப்படுகிறது. பின்னொரு சீசனில் ஆர்யா பழிவாங்குகிறாள், ஆனால் ஃப்ரேக்களை மட்டும்தான்.

கிளென்கோவில் ஒரு பழைய விடுதி இருக்கிறது. கூவி விற்பவர்களுக்கும் கேம்பெல்களுக்கும் அனுமதி இல்லை என்று அங்கே ஒரு பலகை. சுற்றுலா வருபவர்கள் சிரித்துக்கொண்டே படம் எடுக்கிறார்கள். அன்று வந்த சிப்பாய்களில் கேம்பெல்கள் சிலரே. அந்தப் பலகையில் டால்ரிம்பிளின் பெயர் இல்லை. அரசர் பெயரும் இல்லை.