தேவ்லி முகாமும் பேசாதிருந்த நாவுகளும்

காரைக்கால் மக்களுக்கு 1962ஆம் ஆண்டு ஆகஸ்டு 16 மறக்கவொண்ணாத நாள். 1954 நவம்பர் முதல் நாளிலேயே நிர்வாகம் கைமாறிவிட்டதெனினும், சட்டப்படி இம்மண் இந்திய ஒன்றியத்தோடு இணைந்தது அன்றுதான். இங்குப் பிறந்து வாழ்ந்த பிரெஞ்சுக் குடிமக்கள் இனி இந்தியக் குடிமக்கள். விரும்புவோர் ஆறு மாதங்களுக்குள் எழுத்து மூலம் அறிவித்துப் பிரெஞ்சுக் குடியுரிமையைத் தக்கவைத்துக் கொள்ளலாம் என்பது உடன்படிக்கையின் விதி. இதனால் ஒரே தெருவில், ஏன், ஒரே வீட்டில்கூட அண்ணன் பிரெஞ்சுக் குடிமகனாகவும் தம்பி இந்தியக் குடிமகனாகவும் வாழும் நிலை ஏற்பட்டது. ஆயினும் இருவரும் ஒரே கோவிலில் முழந்தாளிட்டனர். ஒரே கல்லறைத் தோட்டத்தில் துயில்கின்றனர். "நீ அயலான்" என்று சொல்லி நள்ளிரவில் எவரும் அவர்கள் கதவைத் தட்டவில்லை.

அதே ஆறு மாதக் காலத்தில், இதே நாட்டின் மற்றொரு மூலையில் கதவுகள் தட்டப்பட்டன.

1962 அக்டோபர் 20 அன்று இந்திய சீனப் போர் மூண்டது. நவம்பர் 21இல் சீனா போர் நிறுத்தம் அறிவித்தது. அதற்குச் சற்று முன்னர், நவம்பர் 19 முதல் அசாமின் மாக்கும், தின்சுகியா, மேகாலயாவின் இன்றைய தலைநகரான ஷில்லாங், வங்காளத்தின் டார்ஜிலிங் முதலிய இடங்களில் சீன வம்சாவளியினர் குடும்பம் குடும்பமாகக் கைது செய்யப்பட்டனர். மாக்கும் சீனர்களுள் பலர், தேயிலைத் தோட்ட வேலைக்கென ஆங்கிலேயர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் கொண்டுவந்த தொழிலாளரின் வழித்தோன்றல்கள். அசாமிய மொழி பேசி, அவ்வூர்ப் பெண்களை மணந்து, சீனாவைக் கண்ணாலும் காணாதவர்கள் அவர்களுள் பலர். ஆனால் அவசரச் சட்டம் அவர்களுடைய செயலைப் பார்க்கவில்லை. பெற்றோரும் பாட்டன் பாட்டியரும் யார் என்றே பார்த்தது. கைதானோர் தொகை ஏறத்தாழ மூவாயிரம். பல நாள் இரயில் பயணத்துக்குப் பின் அவர்கள் இராஜஸ்தான் மாநிலத்துத் தேவ்லி முகாமில் அடைக்கப்பட்டனர். வழிநெடுக நிலையங்களில் மக்கள் திரண்டு வசைமொழி கூறியதையும் கல்லெறிந்ததையும் அவர்களில் சிலர் பிற்காலத்தில் நினைவுகூர்ந்துள்ளனர். கடைசிக் கைதிகள் வெளிவந்தது 1967இல்தான்.

தேவ்லிக்கு இது புதிய அனுபவமன்று. ஆங்கிலேயர் ஆட்சியில் ஜெயப்பிரகாஷ் நாராயணன் போன்ற விடுதலைப் போராளிகளை அடைத்து வைத்த இடம் அது. இரண்டாம் உலகப் போரின்போது சிங்கப்பூரிலும் மலாயாவிலும் கடை வைத்தும், முடிதிருத்தியும், பல் மருத்துவம் பார்த்தும், புகைப்படம் எடுத்தும் வாழ்ந்த ஜப்பானியக் குடும்பங்களைக் கப்பலேற்றி முதலில் தில்லியின் பழைய கோட்டையிலும் பின்னர் தேவ்லியிலும் வைத்தனர். அந்நிய அரசு கட்டிய முட்கம்பி வேலியைச் சுதந்திர அரசும் பயன்படுத்திக் கொண்டது என்பது சிந்திக்கத்தக்கது. சிறைச்சாலைகளை வாரிசாகப் பெறுவது எத்துணை எளிது!

அதே உலகப் போரில் அமெரிக்க ஐக்கிய நாடு ஏறத்தாழ 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினரை முகாம்களுக்கு அனுப்பியது. குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட் 1942 பிப்ரவரி 19இல் பிறப்பித்த ஆணையே அதற்கு வழிவகுத்தது. அவர்களுள் மூன்றில் இரு பங்கினர் பிறப்பால் அமெரிக்கக் குடிமக்கள். கனடாவிலும் ஏறத்தாழ 22,000 பேர் கடற்கரையை விட்டு அகற்றப்பட்டனர். அவர்களுடைய வீடுகளும் மீன்பிடி படகுகளும் அவர்கள் இசைவின்றியே விற்கப்பட்டன. கடலை நம்பி வாழும் நம் மக்களுக்குப் படகை இழப்பதன் பொருளை விளக்க வேண்டியதில்லை.

இக்கொடுமையைப் பற்றி இலக்கியம் உடனே பேசிவிடவில்லை. ஜான் ஒகாடா என்பவர் 1957இல் எழுதிய 'நோ நோ பாய்' என்னும் நாவல் வெளிவந்தபோது அதை வாங்கிப் படிப்பாரில்லை. அவர் இறந்த பின்னரே அது மறுகண்டுபிடிப்புச் செய்யப்பட்டது. பாதிக்கப்பட்டோரே அதைப் பேச விரும்பவில்லை. அவமானம் இழைத்தவனைச் சேர வேண்டிய வெட்கம், அவமானப்பட்டவனை வந்து சேர்ந்துவிடுகிறது. இது மனித உள்ளத்தின் விந்தையான துயரம்.

அம்மௌனத்தையே கருப்பொருளாக்கியவர் கனடா நாட்டு ஜாய் கோகாவா. குழந்தைப் பருவத்தில் தாமே முகாம் வாழ்வை அனுபவித்த அவர், 1981இல் 'ஓபாசான்' என்னும் நாவலை வெளியிட்டார். ஜப்பானிய மொழியில் இச்சொல்லுக்கு அத்தை என்பது பொருள். நாவலில் இரண்டு அத்தையர். ஒருவர் எல்லாவற்றையும் தாங்கி வாய் திறவாதவர். மற்றவர் ஆவணங்களைத் திரட்டி நீதி கேட்பவர். இருவருக்கும் இடையே வளர்ந்த பெண்ணே கதை சொல்கிறாள். திருவெளிப்பாட்டு நூலில் வரும் மறைவான மன்னாவையும் வெண்ணிறக் கல்லையும் ஆசிரியர் நூலின் வாயிலில் வைத்துள்ளார். மறைந்திருக்கும் உணவைத் தேடியெடுப்பதே நினைவின் பணி என்று அவர் கருதினார் போலும். 1988இல் கனடா அரசும் அமெரிக்க அரசும் மன்னிப்புக் கோரின. அமெரிக்கா உயிரோடிருந்த ஒவ்வொருவருக்கும் 20,000 டாலர் வழங்கியது. அம்மன்னிப்புக்கு மண்ணைப் பண்படுத்தியதில் எழுத்தாளர்களுக்கும் பங்குண்டு.

நம் நாட்டில் நிகழ்ந்தது என்ன? தேவ்லி பற்றிய எழுத்துக்கு நாற்பது ஆண்டுகளுக்கு மேல் காத்திருக்க வேண்டியதாயிற்று. அசாமிய எழுத்தாளர் ரீட்டா சவுத்ரி 2010இல் 'மாக்காம்' என்ற நாவலை வெளியிட்டார். எல்லைக்கோடு ஒரு குடும்பத்தின் நடுவே ஓடிக் கணவனையும் மனைவியையும் பிரித்த துயரத்தை அது சொல்கிறது. பதின்மூன்று வயதில் டார்ஜிலிங்கில் கைதான யின் மார்ஷ் என்னும் பெண்மணி தம் குடும்பத்தின் கதையை நூலாக்கினார். அந்த முகாமிலேயே பிறந்த ஜாய் மா, திலீப் டிசூசாவுடன் இணைந்து 2020இல் முகாம்வாசிகளின் வாய்மொழி வரலாற்றை வெளியிட்டார். இந்திய அரசு இன்றளவும் மன்னிப்புக் கோரவில்லை.

போர்க்காலத்தில் நாடு தன்னைக் காத்துக்கொள்ள வேண்டாமா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஒற்றனைக் கண்டுபிடித்துத் தண்டிப்பது அரசின் உரிமை, கடமையுங்கூட. ஆனால் ஒருவனைச் செயலால் சோதிப்பது வேறு, பிறப்பால் தீர்ப்பிடுவது வேறு. அமெரிக்காவில் அமைக்கப்பட்ட விசாரணைக் குழு 1983இல், இனக் காழ்ப்பும் போர்க்கால வெறியும் தலைவர்களின் தவறுமே முகாம்களுக்குக் காரணம், இராணுவத் தேவையன்று என முடிவு கூறியது. பாலூட்டும் தாயையும் பள்ளிச் சிறுவனையும் பாலைவனத்தில் அடைத்ததால் நம் எல்லை எவ்வகையில் வலுப்பெற்றது?

ஒரு செய்தி என் உள்ளத்தை நெருடுகிறது. இரண்டாம் வத்திக்கான் சங்கம் தொடங்கியது 1962 அக்டோபர் 11. போர் தொடங்குவதற்கு ஒன்பது நாள் முன்னர். சிறுபான்மையினரின் உரிமைகளையும் அகதிகளின் மாண்பையும் எடுத்துரைத்த, திருத்தந்தை இருபத்துமூன்றாம் யோவானின் 'அவனியில் அமைதி' மடல் வெளிவந்தது 1963 ஏப்ரல் 11. அவ்வாண்டில்தான் சீன அரசு அனுப்பிய கப்பல்கள் நம் சென்னைத் துறைமுகத்திலிருந்து மும்முறையாக அம்மக்களில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோரை அவர்கள் அறியாத நாட்டுக்கு ஏற்றிச் சென்றன. தமிழ் மண்ணே இந்தியாவில் அவர்கள் கடைசியாக மிதித்த மண். அவர்களை வழியனுப்பிய கரையில் நின்ற நாம் அதை அறிந்திருந்தோமா? பின்னர் 1965இல் சங்கம் தன் 'இன்றைய உலகில் திருச்சபை' ஏட்டில் முறையற்ற சிறைவைப்பையும் நாடு கடத்தலையும் மனித மாண்புக்கு எதிரான இழிசெயல்களாக எண்ணியது. ஏடு நம் கையில் இருக்கிறது, கப்பல் போய்விட்டது.

ஒப்புரவு அருள்சாதனத்தின் இலக்கணம் நாம் அறிந்ததே. பாவத்தைப் பெயர் சொல்லி அறிக்கையிடாமல் மன்னிப்பு இல்லை. "ஏதோ தவறு நடந்திருக்கலாம்" என்பது பாவ அறிக்கையாகாது. தனி மனிதனுக்குரிய இவ்விதி நாடுகளுக்கும் பொருந்தும். பெயர் சொல்ல அரசு தயங்கும்போது எழுத்தாளன் சொல்கிறான். அவ்வகையில் இத்தகைய இலக்கியம் ஒரு நாட்டின் ஆன்ம சோதனை எனலாம்.

அச்சோதனை நம்மையும் விடுவதில்லை. கடல் கடந்து போன கால்களையுடைய மக்கள் நாம். சைகோனிலும் ரீயூனியனிலும் மலாயாவிலும் நம் மூதாதையர் அயலாராய் வாழ்ந்தனர். 1942இல் பர்மாவிலிருந்து காடுகளின் வழியே நடந்து வந்து வழியிலேயே மடிந்தோரும் நம்மவரே. எகிப்தில் அடைக்கலம் தேடிய திருக்குடும்பத்தைக் கிறிஸ்து பிறப்புக் காலத்தில் நினைவுகூர்கிறோம். அன்னியனை ஏற்றுக்கொண்டோமா என்பதே இறுதித் தீர்ப்பின் கேள்வி என்பதையும் அறிவோம். ஆனால் இலங்கையிலிருந்து 1983 முதல் வந்த நம் மொழி பேசும் மக்கள் தமிழகத்து முகாம்களில் இன்னும் வாழ்கின்றனர். அங்கேயே பிறந்து, வளர்ந்து, மணமுடித்த பலருக்கு எந்நாட்டுக் குடியுரிமையும் இல்லை. முள்வேலி அங்கு இல்லாமலிருக்கலாம், "நீ எந்த ஊர்?" என்ற கேள்விக்கு விடை சொல்லத் தயங்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள்.

அறுபது ஆண்டுகளுக்கு முன் காரைக்காலில் நம் பெரியோருக்கு ஒரு தாள் தரப்பட்டது. எந்நாட்டவர் என்று அவர்களே எழுதிக்கொள்ளலாம் என்றார்கள். அது எத்துணைப் பெரிய கொடை என்பதை மாக்குமின் கதையைப் படித்த பிறகே நான் உணர்ந்தேன். அக்கொடையைப் பெற்ற குடும்பங்களின் பிள்ளைகள் நாம். அத்தாள் கிடைக்காதவன் நம் பங்கின் எல்லைக்குள் வந்து நிற்கும்போது அவன் பெயரை முதலில் கேட்போம். ஊர் எது, பாட்டன் யார் என்பதைப் பிறகு கேட்டுக்கொள்ளலாம்.