ஏற்றத்துக்கு ஒரு கியர்

முதன்முதலில் நெடுந்தூரம் கார் ஓட்டியவர் என்று பெர்த்தா பென்ஸை ஒரு வரியில் சொல்லி முடித்துவிடுகிறார்கள். கூடவே, தொப்பி ஊசியால் எரிபொருள் குழாயின் அடைப்பை எடுத்த கதையும் வரும். எனக்கு அந்தப் பயணத்தில் முக்கியமாகப் படுவது கியர்.

1888 ஆகஸ்டில், கணவர் கார்ல் பென்ஸிடம் சொல்லாமல், இரண்டு மகன்களோடு ஜெர்மனியின் மன்ஹைமிலிருந்து ஃபோர்ட்ஸ்ஹைமில் இருந்த தாய்வீட்டுக்குக் கிளம்பினார் பெர்த்தா. ஏறத்தாழ 100 கிலோமீட்டர். அந்த மூன்று சக்கர வண்டிக்கு இரண்டே கியர். மேட்டில் எஞ்சின் திணறியது. பிள்ளைகள் இறங்கித் தள்ளினார்கள். இறக்கத்தில் பிரேக் கட்டை தேய்ந்தது. செருப்புத் தைப்பவரிடம் அதற்குத் தோல் வைக்கச் சொன்னார்.

திரும்பியதும், மேடேற இன்னொரு கியர் வேண்டும் என்றார். கார்ல் அதைச் சேர்த்தார். குறைந்த கியரில் சக்கரம் மெதுவாகச் சுழலும், இழுவை கூடும். இன்றும் ஏற்றத்தில் நாம் கியரைக் குறைப்பது அதற்காகத்தான்.

எங்கே திணறுகிறது, ஏன், என்ன செய்தால் தீரும் என்று கண்டுசொல்வது பொறியியல். திருமணத்துக்கு முன்பே தன் சீதனப் பணத்தைக் கார்லின் தொழிலில் போட்டவரும் பெர்த்தாதான். 1886இன் காப்புரிமையிலோ பெர்த்தாவின் பெயர் இல்லை.

"கியர் போடும்போது கரகரவென்று சத்தம் வருகிறது, கிளட்ச் முழுசாக விடுபடவில்லை போலிருக்கிறது" என்று நான் சொன்னால், மெக்கானிக் என் கணவரைப் பார்த்து, "என்ன சார் பிரச்சினை?" என்கிறார். பெர்த்தாவின் துணிச்சலை மட்டும் பாராட்டும் வரலாறும் அப்படித்தான் கேட்கிறது.