தர்பார் படத்துல சிக்கின பரோடா மகாராஜா

நம்ம கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட், வெரைட்டி ஹால் கட்டுறதுக்கு முன்னாடி கூடாரத்தோட ஊர் ஊரா படம் காட்டிட்டு இருந்தார். அதே காலத்துல, 1911 டிசம்பர் 12, டெல்லியில ஐந்தாம் ஜார்ஜ் மன்னரோட முடிசூட்டு தர்பார். பதவியில இருக்கிற பிரிட்டிஷ் ராஜா ஒருத்தர் இந்தியா வந்தது அதுதான் முதல் தடவை. சினிமா கம்பெனிகள் போட்டி போட்டுக்கிட்டு கேமராவோட வந்து இறங்கின.

அதுல சார்லஸ் அர்பன் கொண்டுவந்தது கினிமாகலர். அந்த டெக்னிக் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஃபிலிம் என்னவோ கறுப்பு வெள்ளைதான். கேமரா முன்னாடி சிவப்பு, பச்சை ஃபில்டர் மாறி மாறிச் சுத்தும். சாதாரணப் படம் நொடிக்கு 16 ஃபிரேம்னா இது 32. காட்டும்போது புரொஜெக்டர் முன்னாடியும் அதே மாதிரி ஃபில்டர் சுத்தும். ரெண்டு நிறத்தையும் கலக்கிற வேலை நம்ம கண்ணோடது. ஏதாவது வேகமா நகர்ந்தா ஓரத்துல சிவப்பு, பச்சை பிரிஞ்சு தெரியும். அந்தக் கோளாறு கடைசி வரை தீரலை. ஆனாலும் 1912 பிப்ரவரியில லண்டன் ஸ்கலா தியேட்டர்ல ரெண்டரை மணி நேரம் ஓடின இந்தப் படத்துக்கு அப்படி ஒரு கூட்டம்.

சமஸ்தான ராஜாக்கள் வரிசையா வந்து வணங்குறதை உலகத்துக்குக் காட்டணும். கேமராக்களுக்கு அங்க இருந்த முக்கியமான வேலையே அதுதான். ராஜாவுக்கு முதுகு காட்டாம பின்னாடியே நடந்து போகணும்ங்கிறது மரபு. ஹைதராபாத் நிஜாமுக்கு அடுத்து வந்த பரோடா மூன்றாம் சாயாஜிராவ், சுருக்கமா ஒரு வணக்கம் வெச்சுட்டுத் திரும்பி நடந்துட்டார். கேமராவும் அதைப் பிடிச்சிருச்சு.

லண்டன் பத்திரிகைகள் கொதிச்சுப்போச்சு. அவர் தேசியவாதிகளுக்கு ஆதரவுங்கிற சந்தேகம் ஏற்கெனவே இருந்துச்சு. அரவிந்தர் வேலை பார்த்ததும் அவர் சமஸ்தானத்துலதான். ‘பதட்டத்துல மரபு மறந்துபோச்சு’ங்கிற மாதிரி வைஸ்ராய் ஹார்டிஞ்சுக்கு மன்னிப்புக் கடிதம் எழுதினார். ஆனா தியேட்டருக்குப் போனவங்க அவரைத்தான் தேடிப் பார்த்தாங்க.

வேணும்னே செஞ்சாரா? ஊமைப்படம்ங்க, ஒருத்தர் திரும்பி நடந்தார்ங்கிறதுக்கு மேல அது எதையும் சொல்லாது. மன்னிப்புக் கடிதத்தை மட்டும் வெச்சு முடிவு பண்றதும் சரியில்லை, ஏன்னா அதை எழுதாம இருந்திருந்தா சிம்மாசனத்துக்கே ஆபத்து வந்திருக்கலாம். அதே சாயாஜிராவ்தான் 1913-ல அம்பேத்கர் கொலம்பியா போய்ப் படிக்க உதவித்தொகை கொடுத்தார்.

அர்பனோட கலர் படம் பெரும்பாலும் அழிஞ்சுபோச்சு. பல வருஷம் கழிச்சு ரஷ்யாவுல கிராஸ்னகோர்ஸ்க் ஆவணக் காப்பகத்துல ஒரு ரீல் கிடைச்சுது. அதுல இருக்கிறது பட்டாளத்து அணிவகுப்பு.